கொம்பியூட்டர் கறுத்த வியாழக்கிழமை

வாழ்க்கையில் நான் உண்மையாகவே நடுங்கியது மூன்று தடவை. இரண்டைச் சொன்னால் மனைவிக்கு முன்னால் இருக்கிற கொஞ்ச மானமும் போய்விடும். சொல்லக்கூடியது, பதினொரு வயதில், வெள்ளவத்தையில், கார் ரேஸ் கேம் ஒன்று விக்கி விக்கி ஓடியதால் வந்தது.

அப்பா கட்டாரில். அம்மாவும் நானும் கடற்கரைக்குப் போகும் ஒழுங்கை ஒன்றில், மூன்றாம் மாடியில். படிப்புக்கென்று அப்பா வாங்கித் தந்த கொம்பியூட்டரில் நான் தனியாகக் கார் ஓட்டிக்கொண்டிருந்தேன். வகுப்பில் நான் யாரோடு ஒட்டிக்கொள்கிறேனோ அவன் அடுத்த தவணைக்குள் கனடா போய்விடுவான். இது என்னுடைய கைராசி என்று நம்பியிருந்தேன்.

அப்போதுதான் ஊரிலிருந்து சின்ன மாமா வந்தார். அம்மாவின் தம்பி, இருபத்திரண்டு வயது. கோர்ஸ் படிக்க வந்ததாகச் சொன்னார்கள்; வகுப்புக்குப் போனதை நான் ஒருநாளும் காணவில்லை. சோதனைச் சாவடிகளுக்குப் பயந்து ரோட்டில் இறங்காத மனுசனுக்கும், இறங்கினாலும் விளையாட ஆளில்லாத எனக்கும் அந்த கேம் பொதுச் சொத்தானது. திரையை இரண்டாகப் பிரித்து, மேல் பாதி அவருக்கு, கீழ்ப் பாதி எனக்கு.

ஒருவர் ஓட்டும்போது பறந்த கார், இருவர் ஓட்டும்போது விக்கியது. மாமா கொம்பியூட்டரின் பக்கத்துத் தகட்டைக் கழற்றி, மேசை விசிறியை அதன் வயிற்றுக்குள் திருப்பிவிட்டார். அதற்கும் அது மசியவில்லை. பிறகு செற்றிங்ஸுக்குள் போய் ஒவ்வொன்றாக நிறுத்தினோம். முதலில் நிழல், பிறகு புகை, மேகம், மரங்கள், கைதட்டும் சனம். கடைசியில் மற்றக் கார்களையும் எடுத்துவிட்டு, சாம்பல் நிற ரோட்டில் நாங்கள் இருவர் மட்டும் ஓடினோம். முதலிடமும் கடைசியிடமும் எங்களுக்குள்ளேயே பங்கு.

"இப்ப அசல் யாழ்ப்பாணம்தான்," என்றார் மாமா. "ஆறு மணிக்கு மேல எங்கட ரோட்டு இப்பிடித்தான் கிடக்கும்."

அப்போதும் சாதுவாக ஒரு விக்கல் மிஞ்சியிருந்தது. அதை நானே தீர்த்து மாமாவை அசத்தலாம் என்று வந்தது வினை.

ஒரு வியாழக்கிழமை பள்ளிக்கூடத்தால் வந்தபோது அம்மாவும் மாமாவும் கோயிலுக்குப் போயிருந்தார்கள். நான் மொனிட்டருக்குரிய செற்றிங்ஸைத் திறந்தேன். எண்கள் வரிசையாக நின்றன. எண் கூடினால் வேகம் கூடும்தானே என்று ஆகப் பெரியதைத் தெரிவு செய்தேன். திரை ஒருமுறை கண்ணடித்துவிட்டுக் கறுத்தது. நான் பத்து விரலாலும் விசைப்பலகையில் மத்தளம் வாசித்தேன். அந்தக் கறுப்புக்குள் 'இப்படியே இருக்கட்டுமா?' என்று ஒரு கேள்வி காத்திருந்ததாம். என் விரல்களில் ஒன்று ஓம் சொல்லிவிட்டது.

நிறுத்திவிட்டுத் திரும்பப் போட்டேன். வெள்ளை எழுத்து வந்தது, போனது, மறுபடி கறுப்பு. சாமியறையிலிருந்து விபூதி எடுத்து வந்து மொனிட்டருக்கு மூன்று குறி பூசினேன். அது தடயமாகிவிடும் என்று பட்டதும் போட்டிருந்த சேட்டால் துடைத்தேன். பிறகு அம்மா தைத்த பூப்போட்ட துணியால் மூடிவிட்டு, கணக்குப் புத்தகத்தைத் தலைகீழாக விரித்து வைத்துக்கொண்டு இருந்தேன்.

பெரியவர்களிடமும் அன்று ஒரு ரகசியம் இருந்தது. அடுத்த நாள் மாமாவுக்குப் பயணம். களவாக வெளிநாட்டுக்கு ஆள் அனுப்பும் ஏஜென்சிக்காரன் தகவல் அனுப்பியிருந்தான். எங்கள் சனம் வெளிநாட்டுப் பயணத்தைப் போய்ச் சேர்ந்த பிறகுதான் வாயால் சொல்லும். முந்திச் சொன்னால் கண்படும், பயணம் குழம்பும். பிள்ளைகளுக்கு மூச்சும் விடமாட்டார்கள். பள்ளிக்கூட வான் வண்டிக்குள் அதை அவிழ்த்துவிட்டால் என்ன செய்வது?

ஆகவே அன்று பின்னேரம் வீட்டில் இரண்டு ரகசியங்கள். எனக்குத் தெரிந்தது என்னுடையது மட்டும். அம்மாவின் கண்கள் சிவந்திருந்தன: கண்டுபிடித்துவிட்டார். குசினிக்குள் குசுகுசுத்தவர்கள் என்னைக் கண்டதும் நிறுத்தினார்கள்: என்னை விடுதியில் சேர்க்கப் போகிறார்கள். புட்டும் நண்டுக்கறியும் வைத்து, நண்டின் பெரிய காலை மாமா என் சாப்பாட்டுக் கோப்பையில் போட்டார்: உண்மையைக் கக்க வைக்க லஞ்சம்.

சாப்பிட்டு முடிய மாமா கேட்டார், "மருமோன், வா, ஒரு ஓட்டம் ஓடுவம்."

"எனக்குப் படிக்கக் கிடக்கு."

"ஒண்டே ஒண்டு. நீ வெல்லலாம், நான் விட்டுத்தாறன்."

"கணக்குச் சோதனை மாமா."

அவர் கொஞ்ச நேரம் என் பக்கத்திலேயே இருந்தார். தலைகீழாக இருந்த புத்தகத்தை நேராகத் திருப்பி வைத்துவிட்டு எழும்பிப் போனார்.

வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடத்தால் வந்தேன். மாமாவின் பையைக் காணவில்லை. கோர்ஸ் விசயமாகக் கண்டிக்குப் போனதாக அம்மா சொன்னார். எனக்கு முதலில் ஆறுதல்தான், மறைக்காமல் சொல்கிறேன். ஆனால் துணி சற்று விலகியிருந்தது. மாமா தூக்கிப் பார்த்திருக்கிறார், கோபித்துக்கொண்டு போய்விட்டார் என்று முடிவு கட்டினேன். அம்மாவிடம் சொல்லவும் பயம். செத்த கொம்பியூட்டருக்கு முன்னால் பின்னேரங்களில் சும்மா இருந்தேன்.

மூன்றாம் கிழமை, ஒரு ஞாயிறு பகல், அம்மா மொட்டைமாடியில் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டிருக்க, போன் அடித்தது. கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல மாமாவின் குரல்.

"மருமோன், அக்கா நிக்கிறாவே?"

"மாமா, கொம்பியூட்டர் கறுத்துப் போச்சு. நான்தான் செய்தனான். கோவத்திலேயோ போனனீங்கள்?" என்று அழத் தொடங்கிவிட்டேன்.

மாமா சிரித்தார். "விசரா, இதுக்கே அழுறாய்? போய் அதைப் போடு. வெள்ளை எழுத்து வரேக்க எஃப் எட்டை அமத்து."

போன் வயரை இழுத்துக்கொண்டு அதே அறையின் மறுமூலையில் இருந்த கொம்பியூட்டருக்கு ஓடினேன். அம்மா ஈரக் கையோடு படியிறங்கி வந்து, யாரென்று விளங்கியதும் கையை நீட்டினார். நான் ஒரு விரலைக் காட்டினேன், ஒரு நிமிசம் என்று. எங்கள் கொம்பியூட்டருக்கு ஒரு நிமிசம் என்பது தெரியாத கணக்கு.

"வந்திட்டுதோ?"

"இன்னும் இல்லை மாமா."

"அவசரப்படாத."

பெரிய பெரிய எழுத்துகளோடு அவலட்சணமாக ஒரு திரை வந்தது. அவர் சொல்லச் சொல்ல எண்ணைக் குறைத்து, நிறுத்தி மறுபடி போட்டேன். படம் முழுதாக வந்தது.

"மாமா, வந்திட்டுது."

லைன் அறுந்து இரைச்சல் மட்டும் கேட்டது. அவருடைய போன் கார்டில் காசு முடிந்திருந்தது. ரிசீவரை அம்மாவிடம் கொடுத்தேன். அந்த இரைச்சலுக்குள் அவர் "தம்பி, தம்பி" என்று கூப்பிட்டுப் பார்த்தார்.

"எங்கயிருந்து எடுத்தவனாம்?"

"தெரியாது."

"சாப்பிட்டவனாமோ?"

"கேக்கேல்லை அம்மா."

"அப்ப இவ்வளவு நேரமும் என்னதான் கதைச்சனீங்கள்?"

"எஃப் எட்டை அமத்தச் சொன்னவர்."

அம்மா ஏசவில்லை. மாமாவின் அடுத்த அழைப்பு வர ஐந்து மாதம் ஆனது. அவ்வளவு நாளும் அம்மா மொட்டைமாடிக்கு ஏறவில்லை. போன் இருந்த அறைக்குள்ளேயே குறுக்காக ஒரு கொடி கட்டி உடுப்புகளைக் காயப்போட்டார். வெளியே நல்ல வெயில் எறித்தது. நான் ஈரச் சட்டைகளுக்குக் கீழே இருந்து தனியாகக் கார் ஓட்டினேன். தண்ணீர் சொட்டிக் கொம்பியூட்டர் பழுதாகப் போகிறது என்று ஒவ்வொரு நாளும் அம்மாவோடு சண்டை பிடித்தேன்.