தாலிக்குப் பின் தவணை

ஓசூர் சிப்காட்டில் மெஷின் ஓட்டுவது என் தொழில். கல்யாணத்துக்கு அப்புறம் கடன் அடைப்பது இன்னொரு தொழிலாகச் சேர்ந்துகொண்டது. முதல் தொழிலுக்கு வாரத்தில் ஒரு நாள் லீவு உண்டு, இதற்குக் கிடையாது. எங்கள் பக்கம் மாப்பிள்ளை வீட்டார்தான் கல்யாணத்தை எடுத்துச் செய்ய வேண்டும். பாரூரில் அப்பாவுக்கு இருந்தது வாய்க்கால் கடைமடையில் கொஞ்சம் நெல் வயல். அதனால் மண்டபத்திலிருந்து தாம்பூலப் பை வரைக்கும் என் சம்பளத்தை நம்பித்தான் நடந்தது. கடன் வாங்கிக் கல்யாணம் செய்துகொண்ட அன்பர்களே, மீதியை நான் சொல்லாமலே உங்களுக்குத் தெரியும். இருந்தாலும் சொல்கிறேன்.

விருந்து

புது ஜோடியைச் சொந்தக்காரர்கள் ஞாயிற்றுக்கிழமை தோறும் விருந்துக்குக் கூப்பிட்டார்கள். சாப்பாட்டுச் செலவு மிச்சம் என்று முதலில் எனக்குச் சந்தோஷம்தான். பஸ் டிக்கெட் இரண்டு, ஆப்பிள், இனிப்புப் பெட்டி, அந்த வீட்டுக் குழந்தைகளின் கையில் வைக்கும் பணம், நான் விட்ட ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் எல்லாவற்றையும் என் மனைவி மஞ்சுளா ஒரு நாள் கூட்டிப் பார்த்தாள். அந்தக் காசுக்கு நாங்கள் ஓட்டலிலேயே உட்கார்ந்து சாப்பிட்டிருக்கலாம்.

கடைசியாகப் போனது நாட்றாம்பாளையத்தில் இருக்கும் என் பெரியப்பா வீட்டுக்கு. அஞ்செட்டி தாண்டி மலைப்பாதை, பஸ்ஸும் அபூர்வம். போய்ச் சேர்ந்தபோது மஞ்சுளாவின் முகம் வெளுத்திருந்தது. நாட்டுக்கோழிக் குழம்பும் களியும் அருமை. கிளம்பும்போது ஒரு பை நிறைய ராகி மாவும் கொடுத்தார்கள். இந்த ஒரு விருந்தாவது லாபம் என்று நான் மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். பெரியப்பா என் தோளில் கை போட்டுக்கொண்டு பஸ் வரைக்கும் வந்து சொன்னார்: "நீங்க வரீங்கன்னுதான் பக்கத்து ஊட்ல கைமாத்து வாங்கிக் கோழி அடிச்சன். அடிக்கடி வாங்க."

ஜாமீன்

கம்பெனி சொசைட்டியில் கடன் வாங்க ஒருத்தர் ஜாமீன் கையெழுத்துப் போட வேண்டும். என் ஷிப்டில் வேலை செய்த பேச்சிமுத்து போட்டான். திருநெல்வேலிக்காரன், தங்கமானவன். ஆனால் கையெழுத்துப் போட்ட நாளிலிருந்து அவன் கண் என் மேலேயே இருந்தது. புதுச் செருப்பு போட்டால் குனிந்து பார்ப்பான். தும்மினால், "உடம்பு நல்லா இருக்கால்லா?" என்று கேட்பான். அக்கறைதான், யார் மேல் அக்கறை என்பதுதான் தெரியாது.

ஒரு நாள் கம்பெனி கேட்டுக்கு எதிரே இருந்த பேக்கரியில் பசி தாங்காமல் முட்டை பப்ஸ் ஒன்று வாங்கிக் கடித்தேன். பக்கத்தில் நின்ற பேச்சிமுத்து என்னைப் பார்க்கவில்லை. கடைக்காரரைப் பார்த்துத்தான் சொன்னான்: "கையெழுத்துப் போட்ட நான் வெறும் டீ குடிக்கேன், கடன் வாங்குனவன் பப்ஸ் திங்கான்."

சுவர்க் கடிகாரங்கள்

கல்யாணத்துக்கு வந்த பரிசில் பாதி சுவர்க் கடிகாரம். எங்களுடையது ஓசூரில் லைன் வீட்டில் ஒற்றை அறை. அத்தனையையும் மாட்ட அங்கே சுவர் இல்லை. ஒன்றை மட்டும் மாட்டிவிட்டு மற்றதைச் சாக்கில் கட்டிக் கிருஷ்ணகிரியில் ஒரு பரிசுப் பொருள் கடைக்குக் கொண்டுபோனேன். பிரிக்காத பெட்டி, பாதி விலைக்கு எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன். கடைக்காரர் ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துவிட்டுச் சாக்கிலேயே திரும்ப வைத்தார். "இதுல முக்காவாசி என் கடைல போனதுதாங்க. வெக்க எடமில்லாம இப்பதான் தள்ளிவுட்டன்."

ஓவர்டைம் நின்றது

என் கணக்கெல்லாம் ஓவர்டைமை நம்பிப் போட்டது. அமெரிக்காவில் பேங்குகள் முழுகிவிட்டன என்று பேப்பரில் வந்தபோது நான் அந்தப் பக்கத்தைத் திருப்பிவிட்டேன். அடுத்த மாதமே எங்கள் கம்பெனிக்கு ஆர்டர் குறைந்தது. முதலில் ஓவர்டைம் நின்றது. பிறகு வாரத்தில் பாதி நாள் வேலை இல்லை, சம்பளமும் இல்லை.

வீட்டுக்காரம்மா ரத்னம்மாவிடம்தான் வாடகையும் சீட்டும். கல்யாணத்துக்காக முதல் மாதமே சீட்டை ஏலத்தில் தள்ளி எடுத்திருந்தேன், மீதி மாதங்கள் கட்டியே தீர வேண்டும். அந்தம்மா வீட்டில் கன்னடம், தெருவில் தெலுங்கு, வாடகை கேட்கும்போது மட்டும் தமிழ் பேசுவார். அவர் முன்னால் நின்று அமெரிக்கா, பேங்க், ஆர்டர் எல்லாவற்றையும் பொறுமையாக விளக்கினேன். அவரும் பொறுமையாகக் கேட்டார். வெற்றிலையை ஒரு பக்கம் ஒதுக்கிக்கொண்டு சொன்னார்: "அமெரிக்காகாரன் பேங்கு முழுகிப் போச்சு, சரிப்பா. நம்ம சீட்டு முழுகல இல்ல?"

கழுத்தில் கயிறு

சீட்டுக்காக மஞ்சுளாவின் தாலிக்கொடியை அடகு வைத்தோம். நான் கேட்கவில்லை. அவளே கழற்றிக் கைக்குட்டையில் முடிந்து கொடுத்தாள். தாலியை மஞ்சள் கயிற்றில் கோத்துப் போட்டுக்கொண்டாள். அன்று இரண்டு பேரும் சீக்கிரமே விளக்கை அணைத்துப் படுத்தோம்.

அடுத்த வாரமே அவள் அப்பா கெலமங்கலத்திலிருந்து வந்துவிட்டார். மார்க்கெட்டுக்குத் தக்காளி கொண்டு வந்தவர் எங்களுக்கும் ஒரு கூடை எடுத்து வந்திருந்தார். அவள் சோறு போடக் குனிந்தபோது கழுத்தைப் பார்த்துவிட்டார். அவர் கேட்பதற்கு முன்பே மஞ்சுளா, "தங்கம் பட்டா அரிக்குதுப்பா. வெயில் வேற," என்றாள். மார்கழி மாதம் அது. ஓசூர்க் குளிரில் அவர் துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

பஸ் ஏற்றிவிடப் போனேன். வழியெல்லாம் தக்காளி விலையைப் பற்றியே பேசினார். என்ன கேட்பாரோ என்று நான் பதிலைத் தயார் செய்துகொண்டே நடந்தேன். பஸ்ஸில் ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்த பிறகுதான் தலையை நீட்டிச் சொன்னார்: "அவ அம்மாவுக்கும் கண்ணாலமான புதுசுல தங்கம் ஒத்துக்கல மாப்பிள. கடன் தீந்ததும் அரிப்பு நின்னு போச்சு."

ரோஜா

தை மாதம் மஞ்சுளா வேலைக்குப் போவதாகச் சொன்னாள். தளி ரோட்டில் ஒரு பூ கம்பெனி. காதலர் தினத்துக்கு வெளிநாடு போகும் ரோஜாவைத் தரம் பிரித்துக் கட்டுக் கட்ட ஆள் எடுத்தார்கள். பாரூரிலிருந்து அம்மா போனில் சத்தம் போட்டாள், புது மருமகளைக் கூலிக்கு அனுப்பினால் ஊர் என்ன பேசும் என்று. மஞ்சுளா போனை வாங்கி, "ஊரு நம்ம சீட்டைக் கட்டாது அத்தை," என்று மெதுவாகச் சொல்லிவிட்டு வைத்தாள்.

அந்த மாதச் சீட்டை அவள் சம்பளத்தில்தான் கட்டினோம். விரல் முழுக்க முள் கீறல், சோற்றைப் பிசைய முடியாமல் ஸ்பூனால் சாப்பிட்டாள். லோடு போன அன்று, காம்பின் கழுத்து வளைந்ததால் கழித்துப் போட்ட பூவில் ஆளுக்கு ஒரு கட்டுக் கொடுத்து அனுப்பியிருந்தார்கள். சொம்பில் தண்ணீர் ஊற்றி அதை நடு அறையில் வைக்கப் போனேன். கட்டிலில் சாய்ந்தபடியே சொன்னாள்: "வெளியவே வெச்சுடுங்க. பாத்தா மறுபடியும் கட்டுக் கட்டத் தோணும்."

எங்கள் கல்யாண வீடியோ

பாக்கி தராததால் ஸ்டூடியோக்காரர் ஆல்பமும் கொடுக்கவில்லை, சி.டி.யும் கொடுக்கவில்லை. தவணை கேட்கலாம் என்று இரண்டு பேரும் கிருஷ்ணகிரி போனோம். கடைக்குள் டி.வி.யில் ஒரு கல்யாணம் ஓடிக்கொண்டிருந்தது. எங்களுடையதுதான். வருகிறவர்களுக்கு மாதிரி காட்ட அதைத்தான் போட்டு வைத்திருந்தார். முன்னால் ஒரு கல்யாணப் பெண்ணின் குடும்பம் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தது. அந்தப் பெண்ணின் அப்பா, "நல்லா தாராளமாப் பண்ணிருக்காங்க, வசதியானவங்க போல," என்றார். பவுடரும் மாலையும் இல்லாமல் பின்னால் நின்ற எங்களை யாருக்கும் அடையாளம் தெரியவில்லை.

காலியாக இருந்த பெஞ்சில் உட்கார்ந்து நாங்களும் பார்த்தோம். ஒன்றரை வருஷம் கழித்து எங்கள் கல்யாணத்துக்கு நாங்களே விருந்தாளியாகப் போன மாதிரி இருந்தது. மஞ்சுளா கண் எடுக்காமல் பார்த்தாள். நான் தாலி கட்டும் இடம் வந்தபோது அழுதுவிடுவாளோ என்று பயந்தேன். பந்தி முடிந்ததும் என் பக்கம் சாய்ந்து கேட்டாள்: "அந்தச் செவப்புச் சட்டை மூணு பந்திலயும் உக்காந்திருக்காரு. உங்க பக்கமா, எங்க பக்கமா?"

நான் சிரித்துவிட்டேன். அவளும் சிரித்தாள். அந்த வீட்டில் குடியேறிய பிறகு இரண்டு பேரும் ஒன்றாகச் சிரித்தது எப்போது என்று யோசித்தேன், ஞாபகம் வரவில்லை. சத்தம் கேட்டு ஸ்டூடியோக்காரர் திரும்பினார். டி.வி.யைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார். பாக்கியைப் பற்றிப் பேச்செடுக்காமல் சி.டி.யை எடுத்துக் கொடுத்தார். ஆல்பத்தை மட்டும் உள்ளே வைத்துப் பூட்டிவிட்டார்.

பிறகு ஆர்டர் வந்தது, ஓவர்டைமும் வந்தது. சீட்டு முடிந்தது, கொடி மீண்டது, ஆல்பமும் ஒரு நாள் வீடு வந்து சேர்ந்தது. ஊரே கூடி ஒரு காலைப் பொழுதில் நடத்திவிட்டுப் போன கல்யாணத்தை, நாங்கள் இரண்டு பேரும் தனியாக நின்று முடித்துவைக்க இரண்டு வருஷம் ஆயிற்று.