நடுவில் அக்காவின் கை

மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்ப்பவள் அக்கா. பக்கவாதம் வந்து படுத்த அப்பாவை நான்கு வருஷம் பார்த்துக்கொண்டதும் அவள்தான். வெளியூரில் இருந்த தம்பி அந்த நாட்களில் வந்தது இரண்டே முறை. இரண்டு முறையும் கையில் கேமரா இருந்தது.

அப்பா போன மறுவருஷம் அவன் ஒரு குறும்படம் எடுத்தான். பதினோரு நிமிஷம். கதை என்று எதுவும் இல்லை. காலிக் கட்டில், சுருங்கிய விரிப்பு, அதன்மேல் தொலைபேசியில் பதிவான அப்பாவின் குரல்: "சாப்டியாடா?" திரும்பத் திரும்ப அதேதான். நடுவில் யாரோ ஒரு நடிகை அப்பாவாக நடித்தவரைத் தூக்கி உட்கார வைத்தாள்.

சின்ன அரங்கில் பின்வரிசையில் உட்கார்ந்திருந்த அக்காவுக்கு வயிறு எரிந்தது. அவளிடம் அப்பா பேசியதெல்லாம் "தண்ணி", "திருப்பு", "வலிக்குது" மட்டும்தான். ஒரு நாளும் சாப்பிட்டாயா என்று கேட்டதில்லை. படம் முடிந்ததும் பார்த்தவர்கள் தம்பியைக் கட்டிக்கொண்டு, "ரொம்ப அனுபவிச்சிருக்கீங்க" என்றார்கள். இவன் எதை அனுபவித்தான்?

"எப்படி இருந்துச்சுக்கா?"

"கக்கத்துல கை குடுத்துத் தூக்குறா. நெஜத்துல அப்படித் தூக்கினா தோளே கழண்டுடும்."

அவன் முகம் சுண்டிப்போயிற்று. "நீ வந்து செஞ்சு காட்டுறியா?" என்றான்.

ஞாயிற்றுக்கிழமை, அப்பா படுத்திருந்த அதே அறை. அப்பா வேஷக்காரர் கட்டிலில் படுத்திருந்தார். அக்கா அவர் முழங்காலை மடக்கி, ஒருக்களித்துப் புரட்டி, முதுகுக்குப் பின்னால் முழங்கையைக் கொடுத்து ஒரே மூச்சில் நிமிர்த்தினாள். பழக்கதோஷத்தில் கடைவாயையும் துடைத்துவிட்டாள். வேஷக்காரர் திகைத்துப்போனார்.

கேமராவுக்குப் பின்னால் விசும்பல். "தெனமும் இப்படியாக்கா செஞ்ச?" தம்பி தரையில் உட்கார்ந்து தேம்பினான்.

அக்காவுக்குக் கண்ணில் பொட்டு நீர் வரவில்லை. 'அழுகைகூட இவனுக்குத்தான் வருது' என்று நினைத்தாள். அவன் தலையில் கை வைக்கத் தோன்றியது, வைக்கவில்லை.

"எழுந்திரு. இன்னொரு தடவை எடுக்கணும்னா எடு. நான் கடைக்குப் போகணும்."

புதுப் படத்தில் நடிகை இல்லை, அக்காவின் கைகள்தான் இருந்தன. திரையிட்டபோது ஒரு பெண்மணி, "அது யாரு?" என்று கேட்டாள். "எங்க அக்கா" என்று தம்பி பின்வரிசையைக் காட்டினான். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அது அவளுக்குப் பிடித்துத்தான் இருந்தது. ஆனாலும் படத்தில் அப்பாவின் அந்த "சாப்டியாடா?" வந்தபோது மட்டும் அவள் திரையை நிமிர்ந்து பார்த்திருக்கவே இல்லை.