கடைசி அட்டையில் ஒரு புளுகு

ஊமைப்படம் பேசாது, அதற்குப் பதிலாகப் பேசுகிறவன் பாடுதான் திண்டாட்டம். கலிபோர்னியாவின் மில்பிடாஸில் பிள்ளைகளோடு ஆறு மாதம் இருந்துவிட்டுப் போக வரும் அப்பா அம்மாக்களுக்காக, சனிக்கிழமை மதியம் பழைய படம் போடுகிறோம். நடுநடுவே திரையில் வரும் வசன அட்டைகளைத் தமிழில் உரக்க வாசிப்பது என் வேலை. தமிழ்ச் சங்கத்து வேலைக்குத் தலையாட்டி மாட்டிக்கொண்டவர்களுக்கு என் நிலைமை புரியும்.

படத்தை நிறுத்துங்க

அன்று ஒரு ஜெர்மன் படம். பண்ணையார் மகள் குதிரைவண்டிக்காரனைக் காதலிக்கிறாள். அட்டையில் ஜெர்மன், ஆங்கில அர்த்தம் என் கையிலிருந்த காகிதத்தில். அதைப் பார்த்து, "நம்ம அந்தஸ்து என்ன, அவன் அந்தஸ்து என்ன!" என்று பண்ணையாராக உறுமினேன். முன்வரிசை கோமதி ஆன்ட்டி கையைத் தூக்கினார்.

"நிறுத்துங்க தம்பி. அந்தஸ்துன்னா ஜாதிதானே? ரெண்டு பேரும் வெள்ளைக்காரங்க, ஒரே சர்ச்சுக்குப் போறாங்க. இதுல எங்கேர்ந்து வந்தது ஜாதி?"

முறுக்கு நின்றது

படத்தை நான் சும்மா தேர்ந்தெடுக்கவில்லை. என் ஆபீஸ் தோழி நித்யா கட்டிக்கொள்ள விரும்பும் பிரகாஷ் வேறு சாதி. அவள் அப்பா சுந்தரம் அங்கிள் மதுரையிலிருந்து பிளேன் ஏறி வந்ததே அதைத் தடுக்கத்தான். மூன்று வாரமாக மகளோடு பேச்சு வார்த்தை இல்லை. அவரை ஹாலில் இறக்கிவிட்டுப் போனதும் நித்யாதான்.

திரையில் அப்பன் மகளைக் கொட்டும் பனியில் வெளியே தள்ளினான். மொறுமொறுவென்று முறுக்கு கடித்துக்கொண்டிருந்த அங்கிள் சட்டென்று நிறுத்தினார். எனக்கு உள்ளுக்குள் ஒரே குஷி. ஹாலே திரும்பிப் பார்க்கும்படி அங்கிள் திரையைப் பார்த்துக் கத்தினார்.

"டேய், நீயெல்லாம் ஒரு அப்பனாடா?"

அட்டையில் இல்லாதது

மகள் வாசலிலேயே செத்துப்போனாள். கடைசி அட்டையில் அப்பன் வேலைக்காரனிடம் சொல்வது, "கதவைச் சாத்து" மட்டும்தான். இருந்த குஷியில் நான் சொந்தச் சரக்கை அவிழ்த்துவிட்டேன்: "மன்னிச்சுடும்மா, தப்பெல்லாம் என்னுதுதான்!" ஆன்ட்டிகள் மூக்கைச் சிந்தினார்கள்.

விளக்குப் போட்டதும் சுந்தரம் அங்கிள் நேரே என்னிடம் வந்தார். முகம் சரியாக இல்லை.

"தம்பி, நான் இருபது வருஷம் மில்லுல ஜெர்மன் மெஷினோட மாரடிச்சவன். எழுத்துக் கூட்டிப் படிச்சிருவேன். அந்தாளு மன்னிப்பே கேக்கல, கதவத்தான் சாத்தச் சொன்னான். மக செத்துக் கெடக்கையிலயும் அவன் வாயில வரல, நீங்க சேத்துச் சொல்ல வேண்டியிருக்கு. எனக்காக யாரும் அப்படிச் சேத்துச் சொல்ல வேணாம். நாளைக்கு மத்தியானம் அந்தப் பிரகாஷ சாப்பிட வரச் சொல்லுங்க."

இத்தனை சனிக்கிழமை ஒழுங்காக வாசித்து ஒருத்தர் மனதையும் அசைக்காத எனக்கு, கையும் களவுமாகப் பிடிபட்ட ஒரே ஒரு புளுகுதான் கைகொடுத்தது.