ஏற்றிய சாமானை இறக்கிய நாள்

கல்வராயன் மலையில் எங்கள் மரவள்ளிக் காட்டை ஒட்டித்தான் வீடு. ஒருநாள் ஜீப்பில் வந்த இருவர், "இது வன நிலம், காலி பண்ணுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். பயந்துபோன நானும் கணவரும் பாத்திரம், கோழி எல்லாவற்றையும் டெம்போவில் ஏற்றிவிட்டோம்.

கிராம சபையின் வன உரிமைக் குழுவில் இருக்கும் என் நாத்தனார் ஓடிவந்து வண்டியை மறித்தாள். "இன்னா அண்ணி, எழுதிக் குடுத்தாங்களா? நம்ம நெலத்துக்குப் போட்ட மனு விசாரணையில இருக்கு. அது முடியாம யாரும் வெளியேத்தக் கூடாதுன்னு சட்டமே சொல்லுது. சாமானை எறக்குங்க!"

மறுநாள் வனத்துறை அலுவலகத்தில் விசாரித்தபோது அங்கிருந்த அதிகாரியும் அதையே சொன்னார். இந்த வருடம் எங்கள் இருவர் பெயரிலும் பட்டா வந்துவிட்டது. ஊருக்கே பாயசம் வைத்தேன்.

இப்போது யார் வந்து எதைச் சொன்னாலும் உட்காரவைத்து டீ கொடுத்து, "எழுத்துல குடுங்க, கிராம சபையில பேசிட்டுச் சொல்றோம்" என்கிறேன்.