புல் முளைத்த குட்டை

மூடிக் கிடக்கும், தோல் பதனிடும் டேனரியின் சுவர்களையும் பின்னால் விரியும் வெளியையும் படம் பிடிக்க மகள் ஆம்பூர் வந்திருந்தாள். துணைக்கு நான். கேமராவை ஓரிடத்தில் நிறுத்தி, பேசாமல் பார்த்துக்கொண்டே இருப்பதுதான் அவள் எடுக்கும் படம்.

காற்று திரும்பியதும் சுண்ணாம்பும் அழுகிய தோலும் கலந்த வாடை அடித்தது. சிறுவயதில் இதே வாடையோடு வேலையிலிருந்து வரும் அப்பா, டேனரிக்குப் பின்னாலிருக்கும் கழிவுக் குட்டையைத் தாண்டும்வரை என் கையை விடமாட்டார். குட்டையின் மேற்பரப்பு காய்ந்து இறுகிப் புல் முளைத்திருக்கும். ஒருநாள் பக்கத்து வீட்டு ஷபானாவின் ஆடு மேயப் போய்க் கழுத்துவரை புதைந்தது. அது கத்தக் கத்த காப்பாற்ற ஓடப் பார்த்த என்னை அப்பா இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"புல்லு மொளச்சா அது தரையாய்டுமா? ஆடு போனா போவுது, நீ நில்லும்மா."

நிமிர்ந்தேன். வேறு கோணம் தேடி, மகள் கேமராவோடு அந்தப் புல்லுக்குள் இரண்டடி போயிருந்தாள்.

"வந்துடுடீ!" என்று அலறினேன்.

"இன்னாம்மா நீ! சவுண்டு பூரா கெட்டுப்போச்சு!" கோபத்தில் காலால் ஓங்கி மிதித்தாள். தொடைவரை உள்ளே போய்விட்டது.

கரையில் குப்புற விழுந்து கையை நீட்டினேன்.

"நனையாம புடிம்மா," என்று கேமராவை நீட்டினாள்.

நான் அவள் பின்னலைப் பிடித்து இழுத்தேன்.