குழிக்குக் காவல்

தையல்காரம்மாவுக்குத் தூக்கம் என்பது மெஷின் மேல் தலை சாயும் கொஞ்ச நேரம்தான். கால் மிதித்துக்கொண்டே இருக்கும், ஊசி ஓடிக்கொண்டே இருக்கும், கண் மட்டும் மூடியிருக்கும். திறந்து பார்த்தால் தலையணை உறையின் ஓரம் எங்கேயோ கோணிக்கொண்டு போயிருக்கும். பிரித்துவிட்டுத் திரும்பத் தைப்பாள். லாட்ஜுக்குப் போகிற உறை. அதன் ஓரத்தை யாரும் உற்றுப் பார்க்கப்போவதில்லை. ஆனாலும் கோணலை அப்படியே விட்டுவைக்க அவளுக்கு மனசு வராது. அது வீட்டுக்காரரிடமிருந்து ஒட்டிக்கொண்ட பழக்கம்.

வீட்டுக்காரர் தரைக்குக் கல் பதிக்கிறவர். மேஸ்திரி என்றால் அந்த வட்டாரத்தில் அவர்தான். அவள் அவரிடம் முதலில் சித்தாளாகத்தான் வந்து சேர்ந்தாள். தலையில் கலவைச் சட்டியோடு படியேறி வருவாள். அவர் வாய் திறப்பதற்குள் கரண்டியோ நூலோ கையில் இருக்கும். "இந்தச் சித்தாளு ஒரு நாள் வரலேன்னா எனக்கு வேலை ஓடாது" என்று அவர் பக்கத்தில் இருந்த கொத்தனாரிடம் சொன்னது அவள் காதில் விழுந்தது. தன்னைப் பெண் கேட்டதாகவே அவள் அதை எடுத்துக்கொண்டாள். அப்படியேதான் முடிந்தது. மகள் பிறந்தபிறகு முதுகு சட்டி தூக்க மறுத்தது. பழைய மெஷின் ஒன்றை வாங்கி மிதிக்க ஆரம்பித்தாள். மகள் படித்து, வேலைக்குப் போய், கல்யாணமாகி, இப்போது பஸ் ஏறி வரும் தூரத்தில் இருக்கிறாள்.

மேஸ்திரிக்கு மறதி தொடங்கியது வேலையில்தான். ஒரு வீட்டுக் கூடத்தில் நேற்றுப் பதித்த கல்லை இன்று பெயர்த்துக்கொண்டிருந்தார். கேட்டதற்கு, "எவனோ வந்து பதிச்சிருக்கான், மட்டமே இல்ல" என்றார். அதற்குப்பிறகு அவரை யாரும் வேலைக்குக் கூப்பிடவில்லை. மனைவியின் பெயர் போயிற்று, மகளின் முகம் சில நாள் போய்ச் சில நாள் வந்தது. காலையில் எழுந்து வேலைக்குக் கிளம்புகிற வழக்கம் மட்டும் போகவில்லை.

வீட்டுக்கு வந்து பார்த்துவிட்டுப் போகும் நர்ஸ் ஒருத்தி உண்டு. அவள் சொல்வதைத் தையல்காரம்மா அன்றைக்கே செய்துவிடுவாள். செய்து பார்த்துச் சரிவராததைத் தானே மாற்றிக்கொள்வாள். கழிவறைக் கதவுக்கு மஞ்சள் பெயின்ட் அடித்தால் அவருக்கு அடையாளம் தெரியும் என்றாள் நர்ஸ். அடித்தாள். அப்படியும் அவர் சமையலறை மூலையில் போய் நின்றார். அப்புறம் அவளே கட்டிலைத் திருப்பிப் போட்டாள். படுத்த வாக்கிலேயே திறந்த கதவும் உள்ளே விளக்கும் தெரிந்தன. எழுந்து நேராகப் போக ஆரம்பித்தார். வெள்ளைத் தட்டில் போட்ட வெள்ளைச் சாப்பாடு அவர் கண்ணுக்குத் தெரியவில்லை என்று கண்டுபிடித்து நீலத் தட்டு வாங்கினாள். தரையைப் பளபளவென்று துடைப்பதை நிறுத்தினாள். பளபளப்பு அவருக்குத் தண்ணீராகத் தெரிந்தது, வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

"இந்தக் கால்மிதியையும் எடுத்துடுங்கக்கா" என்று குளியலறை வாசலில் கிடந்த கறுப்பு மிதியடியைக் காட்டினாள் நர்ஸ். "அதான் குளிக்க வரமாட்டேங்கறார். அவருக்கு அது குழி."

"இவ்வளவூண்டு துணியா?"

"நமக்குத் துணி. அவர் இடத்துல நின்னு பாருங்க, கால் வைப்பீங்களா?"

தையல்காரம்மா மிதியடியைச் சுருட்டிப் பீரோவுக்கு அடியில் தள்ளினாள். அன்றைக்கே அவர் குளிக்கப் போனார்.

ஆனால் வாசல் கதவுக்குத்தான் வழி பிறக்கவில்லை. மெஷின் ஓடும் சத்தத்தில் கதவு திறப்பது கேட்காது. திரும்பிப் பார்த்தால் நாற்காலி காலியாக இருக்கும். பூட்டிப் பார்த்தாள். மேசைக் கத்தியால் பூட்டையே கழற்றி, ஸ்க்ரூக்களை அலமாரியில் அளவுவாரியாக அடுக்கி வைத்துவிட்டுப் போயிருந்தார். அதைக் கேட்டு நர்ஸ் சிரித்தாள். சிரித்துவிட்டு, "பூட்டாதீங்கக்கா, ஏதாவது தீப்பிடிச்சா ரெண்டு பேரும் உள்ளேயே மாட்டிப்பீங்க" என்றாள்.

கடைசியாகப் போனபோது பெரிய ரோட்டைத் தாண்டி, கட்டி முடிக்காத ஒரு கட்டடத்தில் இருந்தார். மூன்றாவது மாடி. சுவர் இன்னும் எழும்பவில்லை. விளிம்பு ஓரமாகக் குந்தி, பதித்த கல்லை விரல்முட்டியால் தட்டித் தட்டி, உள்ளே காலியாகச் சத்தம் கேட்கும் கல்லுக்கெல்லாம் சாக்கட்டியால் குறி போட்டுக்கொண்டிருந்தார். குறி போட்ட கல் எல்லாமே சரியில்லாத கல்தான் என்று அங்கிருந்தவர்கள் சொன்னார்களாம். மகளுக்கு அது காதில் ஏறவில்லை.

"சுவரே இல்லாத மாடிம்மா அது."

"தெரியும்."

"தெரிஞ்சு என்ன பண்ணப்போற?"

"பக்கத்துலயேதான் உக்காந்திருக்கேன்."

"மெஷின் பக்கத்துல உக்காந்திருக்க. இங்க பாரு, இன்னொரு தடவை வெளிய போனார்னா நான் உன்னைக் கேக்கப்போறதில்ல. அந்த முதியோர் இல்லத்துல சொல்லி வெச்சிருக்கேன். போய்ப் பாத்துட்டும் வந்துட்டேன். நல்லாத்தான் இருக்கு."

"அங்க தரை எப்படி?"

"என்னது?"

"தரை பளபளன்னு இருந்தா உங்கப்பா நடக்க மாட்டார்."

"நான் என்ன பேசறேன், நீ என்ன பேசற" என்று மகள் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். அழுதாள் என்றும் சொல்லலாம். தாய் முகத்தைப் பார்க்கப் பார்க்க அவளுக்குப் பயம். அப்பாவுக்கு முன்னால் அம்மா போய்ச் சேர்ந்துவிடுவாள் என்று மனசில் கணக்குப் போட்டு வைத்திருந்தாள். தையல்காரம்மாவுக்கும் அது தெரியும். கணக்கில் தப்பு இருப்பதாகவும் அவளுக்குத் தோன்றவில்லை. அவர் இங்கே இருக்கவேண்டும், அவ்வளவுதான். இந்த வீட்டில் எந்தப் பொருள் எங்கே இருக்கவேண்டும் என்று ஒவ்வொன்றாகப் பார்த்து வைத்தவள் அவள். வேறொரு இடத்தில் அதை யார் செய்வார்கள்?

மகள் போன மறுநாள், முந்தின ராத்திரி ஒரு பொட்டுத் தூக்கம் இல்லாத அசதியில், பீரோவுக்கு அடியில் கை விட்டாள். குளியலறைக்குள் போக விடாத மிதியடி, வாசலைத் தாண்டவும் விடாது. கதவுக்கு முன்னால் அதை விரித்தாள். நல்லதைச் செய்கிறவளின் கையாக அது இல்லை. யாராவது பார்க்கிறார்களா என்பதுபோல் ஒருமுறை திரும்பிக்கூடப் பார்த்தாள்.

மேஸ்திரி வேலைப் பையை மாட்டிக்கொண்டு வந்தார். மிதியடி முன்னால் நின்றார். குனிந்து பார்த்தார். பின்வாங்கினார்.

அவள் கட்டிலில் போய் விழுந்தாள். பட்டப்பகலில், சேலை கசங்க, வாய் திறந்தபடி தூங்கினாள்.

எழுப்பியது மகளின் குரல். கூடத்துக்கு ஓடி வந்த தையல்காரம்மா அப்படியே நின்றாள். கதவுக்கு முன்னால் இரண்டு நாற்காலி குறுக்கே கிடந்தது. அவற்றின் மேல் துணி காயப்போடும் ஸ்டாண்ட். அதன் உச்சியில் தூரத்திலிருந்தே தெரியும்படி சிவப்பு வாளி கவிழ்த்து வைத்திருந்தது. வேலை நடக்கும் இடத்தில் மூடாத பள்ளத்தை அவர் எப்படி அடைத்து வைப்பாரோ, அச்சுப் பிசகாமல் அப்படி. பக்கத்தில் கையை அகல விரித்துக்கொண்டு மேஸ்திரி. வெளியே பாதி திறந்த கதவில் மகள்.

"வராதே. பின்னால போ. ஆழம் எவ்வளவுன்னு இன்னும் பாக்கல."

"அப்பா, நான்தாம்ப்பா."

"யாரா இருந்தா என்ன. குழிக்கு ஆள் தெரியுமா?" என்று கதவைத் தள்ளினார். மகள் தடுமாறிப் படிக்கட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை. வேட்டி நனைந்திருந்தது. காவலை விட்டுக் கழிவறைக்குப் போக அவருக்கு மனம் இல்லை. கால் வீங்கியிருந்தது. வேலைக்குப் போகாமல் தடுக்கத்தான் அவள் அதை விரித்தாள். அதுவே அவருக்கு வேலையாகிவிட்டது.

"என்னங்க, அது வெறும் மிதியடிங்க. இதோ எடுத்துடறேன்" என்று குனிந்தாள்.

தோளைப் பிடித்து இழுத்தார். விரல் அழுந்தியது. "விழுந்து வெச்சா உன் புருஷனுக்கு யார் பதில் சொல்றது?"

"என் புருஷன் ஒண்ணும் கேக்க மாட்டார்."

"ஏன், ஊர்ல இல்லையா?"

"இருக்கார். இங்கதான் இருக்கார்."

"அப்ப அவர்கிட்ட சொல்லு, இப்படி நடுவழியில பள்ளத்தை வெச்சுட்டு ஒருத்தன் தூங்கப் போவானான்னு."

தூங்கப் போனவள் அவள்தான். கதவுக்கு வெளியிலிருந்து மகள், "அம்மா, போதும்மா. பாத்தியில்ல, போதும்" என்றாள். அதட்டலாக அல்ல, கெஞ்சலாக.

தையல்காரம்மாவுக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. சுவரில் சாய்ந்தாள். அப்புறம் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு நேராக நின்றாள்.

"மேஸ்திரி, கலவை ரெடி. மூடிடலாமா?"

அவர் திரும்பிப் பார்த்தார். முகத்தில் இறுகியிருந்தது தளர்ந்தது.

"ஜல்லி போட்டாச்சா?"

"போட்டு இடிச்சாச்சு."

"தண்ணி அதிகமா ஊத்தலையே? நீ ஊத்துவ."

"ஒரு தடவை ஊத்தினேன், எத்தனை வருஷமா சொல்லுவீங்க? அளவாத்தான் ஊத்தியிருக்கேன்."

"ஊம். ஆரம்பி."

சமையலறையிலிருந்து வாளியில் ஒன்றுமில்லாததைக் கொண்டுவந்து கவிழ்த்தாள். கவிழ்த்துக்கொண்டே மிதியடியைக் காலால் மெள்ள இழுத்துச் சுருட்டி ஓரமாகத் தள்ளினாள். நாற்காலி இருந்த மறைவில் அவர் அதைக் கவனிக்கவில்லை. குந்தி உட்கார்ந்தார். வெற்றுத் தரையின் மேல் உள்ளங்கையை வைத்து அரைவட்டமாக இழுத்தார். இன்னொருமுறை இழுத்தார்.

"மட்டம் வந்துடுச்சு. நூல் எடு."

மெஷின் மேசையிலிருந்து தடித்த வெள்ளை நூற்கண்டைக் கொடுத்தாள். ஜன்னல் கம்பியிலிருந்து எதிர்ச்சுவர் ஆணிவரை, முழங்கால் உயரத்தில், தொய்வில்லாமல் கட்டினார். "ஈரம். யாரும் மிதிக்காதீங்க" என்று வெளியே நின்ற மகளுக்கும் சேர்த்துச் சொன்னார். சொல்லிவிட்டு, தையல்காரம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு வேட்டி மாற்ற வந்தார். மகள் நூலைத் தாண்டி உள்ளே வந்தபோது அவர் குளியலறையில் இருந்தார்.

மறுநாள் காலை வழக்கம்போலப் பையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். தையல்காரம்மா மெஷினை நிறுத்திவிட்டுப் பார்த்தாள். நூலருகே நின்றார். குனிந்து விரல்நுனியால் தரையைத் தொட்டார். "காயலையே" என்றார். திரும்பி வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். முகத்தில் பயம் இல்லை. வேலை முடித்துவிட்டுக் காத்திருக்கிறவரின் சலிப்பு மட்டும் இருந்தது. பூட்டைக் கழற்றியவர், ஒரு குழந்தைகூடத் தாண்டிவிடுகிற நூலுக்குள் நின்றுவிட்டார்.

எல்லா நாளும் அப்படி நடக்கவில்லை. சில நாள் தொட்டுப் பார்த்து, "காஞ்சுடுச்சு" என்று அவரே நூலை அவிழ்த்துச் சுற்றி வைத்துவிடுவார். அவர் அவிழ்ப்பது தெரியவேண்டும் என்று நூலில் ஒரு சின்ன மணியைக் கோத்தாள். மெஷினையும் வாசல் தெரியும்படி திருப்பிப் போட்டாள். மணி கேட்டால் தைத்ததை அப்படியே விட்டுவிட்டு அவரோடு இறங்கித் தெருமுனைவரை போய், பூட்டிய கடைகளின் படிக்கட்டுத் தரையையெல்லாம் அவர் குறை சொல்வதைக் கேட்டுவிட்டுத் திரும்புவாள். அன்றைக்கு உறை குறையும். நர்ஸிடம் மிதியடி விஷயத்தைச் சொன்னபோது அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தாள். நர்ஸ் அவள் கையைப் பிடித்துப் பார்த்து, "நீங்க எப்பக்கா சாப்பிட்டீங்க?" என்று மட்டும் கேட்டாள். மகள் இல்லத்துக்குப் போன் பண்ணி, இன்னும் கொஞ்ச நாள் போகட்டும் என்று சொல்லிவைத்தாள். வேண்டாம் என்று சொல்லவில்லை. அதைத் தாயிடம் மறைக்கவும் இல்லை. தினமும் சாயங்காலம் போன் பண்ணி, "இருக்காரா?" என்பாள். "இருக்கார்" என்பாள் தாய். பேச்சு அதோடு முடிந்துவிடும்.

ஒருநாள் சாயங்காலம் மொட்டைமாடியில் காய்ந்த திரைச்சீலைகளை எடுக்கப் போனாள். அவர் நாற்காலியில் கண் மூடியிருந்தார். நூல் கட்டியிருந்தது. கூடை நிறையத் துணியோடு படியிறங்கி வந்து கதவைத் தள்ளினாள். நூலுக்கு அந்தப்பக்கம் மேஸ்திரி எழுந்து நின்றார்.

"அங்கயே நில்லுங்க. ஈரம்."

"நான் உள்ள வரணுங்க."

"யாரைப் பாக்கணும்?"

கூடையை இடுப்புக்கு மாற்றிக்கொண்டாள். "வீட்டம்மாவை" என்றாள்.

"வெளிய போயிருக்கு, வந்துடும். வந்தாலும் மெஷின்ல உக்காந்துடும், பேச்சுக் குடுக்காது. தூங்கறதே இல்ல அது." மேல்படியைக் கை காட்டினார். "உக்காருங்க. காஞ்சதும் கூப்பிடறேன்."

நூலைத் தாண்ட அவளால் முடியும். அவர் தடுத்தாலும் நைசாகப் பேசி நுழைந்துவிடலாம். கலவை, ஜல்லி என்று இன்னொருமுறை சித்தாளாகிவிடலாம். கூடையைக் கீழே வைத்தாள். மேல்படியில் உட்கார்ந்து சுவரில் முதுகைக் கொடுத்தாள். நூலுக்கு உள்ளே அவரும் தரையைப் பார்த்தபடி குந்தி உட்கார்ந்தார்.

உள்ளே போன் அடித்தது. மகள்தான். எடுக்காவிட்டால் பயந்துவிடுவாள். எழுந்திருக்கக் கையை ஊன்றினாள்.

"மிதிச்சிடாதீங்க" என்றார் அவர். "அது அடிச்சுட்டுத் தானா நிக்கும்."

நின்றது. மறுபடியும் அடித்தது. இருக்கிறார், கண்ணெதிரிலேயே இருக்கிறார், அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தாள். கூடையில் மேலாகக் கிடந்த திரைச்சீலையை மடித்துத் தலைக்கு வைத்தாள். வெயில் பட்ட துணி, சூடு இன்னும் ஆறவில்லை.

"இன்னும் எவ்வளவு நேரம் ஆகுங்க?"

"அவசரமா உங்களுக்கு?"

"இல்ல" என்றாள்.