முருகையனின் முதுகு

இயக்குநர் சுந்தரவரதனின் நூற்றாண்டு விழாவுக்குச் செஞ்சி கல்யாண மண்டபத்தில் திரை கட்டியிருந்தார்கள். ரத்தினம்மாள் முதல் வரிசையில் போய் உட்கார்ந்தாள். இயக்குநருக்காக அவள் வரவில்லை. செத்துப்போன புருஷன் முருகையனின் முகத்தைப் பார்க்க வந்திருந்தாள். அவனுக்கு ஒரு போட்டோகூடக் கிடையாது. ஒவ்வொரு தெவசத்துக்கும் வெறும் செம்புக்குத்தான் மாலை போடுகிறாள்.

சுந்தரவரதன் எடுக்காத வகைப் படம் இல்லை. ராஜா கதை, சாமி படம், போலீஸ் படம், எதுவானாலும் செஞ்சிக் கோட்டைக்கு வந்துவிடுவார். கல் உடைத்துக்கொண்டிருந்த முருகையன் ஒன்றில் படைவீரனாக நின்றான், ஒன்றில் காவடி தூக்கினான், ஒன்றில் திருடனாக ஓடினான்.

செல்போன் கடை ஜுபைர் மைக்கைப் பிடித்துக்கொண்டு விளக்கம் சொன்னான். "பெரிய மலை, சின்ன மனுசன். ஊர்க்காரங்கள எப்பவும் தூரத்துலேர்ந்து, முதுகுப் பக்கமாதான் எடுப்பாரு. அதான் அவரு ஸ்டைலு."

"ஏன், எங்களுக்கெல்லாம் மூஞ்சி இல்லியா?" என்றாள் ரத்தினம்மாள். பின்வரிசை சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.

கடைசியாக ராஜா படத்தைப் போட்டார்கள். கதாநாயகனின் உடுப்பைப் போட்டுக்கொண்டு மதில்மேலிருந்து குதித்தவன் முருகையன்தான். கீழே போட்ட வைக்கோல் கேமராவில் தெரிகிறது என்று இயக்குநர் தள்ளிப் போடச் சொன்னார். முருகையனுக்கு இடுப்பு போனது. பாயிலேயே வருஷக்கணக்கில் கிடந்து செத்தான். இயக்குநர் எட்டிப் பார்க்கவில்லை. அவர் மெட்ராஸில் அடுத்த படம் எடுத்துக்கொண்டிருந்தார், சிரிப்புப் படம்.

விழும்போதாவது திரும்புவான் என்று ரத்தினம்மாள் முந்தானையைக் கடித்துக்கொண்டு காத்திருந்தாள். முதுகு விழுந்தது. அடுத்த நொடி கதாநாயகனின் முகம் திரை நிறைய வந்து வலியில் துடித்தது.

"பாத்தீங்களா? ஒரே கட்! இதுக்குத்தான் அவர மேதைன்னு சொல்றது," என்றான் ஜுபைர்.

ரத்தினம்மாள் எழுந்தாள். "வுழுந்தவன் என் புருஷன்டா. வலி மட்டும் அந்த ஈரோவுதா?"

ஜுபைர் மைக்கை வைத்துவிட்டு அவளிடம் வந்தான். "எனக்குத் தெரியாது ஆயா. இன்னா பண்ணணும் சொல்லு."

"அந்த முதுகையாவது நிறுத்து. போட்டோ புடிச்சிக் குடு. தெவசத்துக்கு மாட்டணும்."

படத்தைப் பின்னுக்கு ஓட்டி நிறுத்தினான். செல்போனில் பெரிதாக்கினான். ராஜா சட்டை புள்ளி புள்ளியாகக் கலைந்தது.

"பெருசாக்காத. அந்தாளு எவ்ளோ தூரத்துல நிறுத்திப் பாத்தாரோ, அவ்ளோ தூரத்துலயே எடு," என்றாள். "ஆணிய நானே அடிச்சிக்கிறேன்."